இருபது ஆண்டுக்கு ஒருமுறை பக்கத்து மனைக்குப் போகும் கோயில்

ஜப்பானின் மியே மாகாணத்தில் ஈசே என்ற ஊர். அங்கே காட்டுக்குள் ஒரு காலி மனை இருக்கிறது. தரை முழுக்கக் கூழாங்கல். நடுவில் சின்னதாக ஒரு மரக்கூண்டு. பக்கத்து மனையில், நான்கு சுற்று வேலிக்குள் அமதெராசு என்ற சூரிய தேவதையின் கோயில். 2013-இல் கட்டியது. 2033-இல் இந்தக் காலி மனையில் அச்சு அசலாக அதே கோயில் எழும். தேவதையை இரவில் புது வீட்டுக்கு அழைத்துப்போவார்கள். பிறகு பழையதைப் பிரித்துவிட, அந்த மனை காலியாகும்.

இந்த இடமாற்றத்துக்கு ஷிகினென் செங்கூ என்று பெயர். முதன்முதலில் நடந்தது 690-இல், ஜிதோ என்ற அரசியின் காலத்தில். 2013-இல் நடந்தது 62-வது.

கோயிலின் வயது என்ன என்று கேட்டால் இரண்டு பதில் சொல்லலாம், இரண்டும் சரி.

கட்டடப் பாணியின் பெயர் ஷின்மெய்-சுகுரி. பழங்கால நெற்களஞ்சியத்திலிருந்து வளர்ந்தது என்பது அறிஞர்கள் பலரின் கருத்து. எலியும் ஈரமும் அண்டாதபடி தூக்கிக் கட்டிய தளம், பலகைச் சுவர், வளைவே இல்லாத நேரான புல்கூரை. சாயம் பூசுவதில்லை, ஹினோக்கி என்ற சைப்ரஸ் வகை மரம் வெறும் மேனியோடு நிற்கும். கூரை முகட்டில் உருட்டுக் கட்டைகள் வரிசையாகக் கிடக்கும்: அமதெராசுவின் இந்த உள் ஆலயத்தில் 10, ஈசேயின் மற்றொரு கோயிலான வெளி ஆலயத்தில் 9.

இதன் பலவீனம் காலில் இருக்கிறது. தூண்களுக்குக் கல் அடித்தளம் கிடையாது. குழி தோண்டி மண்ணில் நேராக நட்டுவிடுகிறார்கள். ஜப்பானின் மழைக்கும் ஈரத்துக்கும் நட்ட தூண் அடியில் உளுக்கும், கூரைப் புல் மக்கும். கல்மேல் தூண் நிறுத்தத் தெரியாமல் இப்படிச் செய்யவில்லை. நாரா அருகே உள்ள ஹோர்யூ-ஜி பௌத்த ஆலயமும் ஹினோக்கி மரம்தான். கல் அடித்தளத்தின் மேல், ஓட்டுக் கூரையோடு, 1,300 ஆண்டுகளாக நிற்கிறது. ஒரே மரம், ஏறக்குறைய ஒரே காலம். ஹோர்யூ-ஜியில் மரத்தைக் காப்பாற்றினார்கள். ஈசேயில் மரத்தை விட்டுவிட்டு, செய்முறையைக் காப்பாற்றினார்கள்.

மரம் தளரும் என்பதையும் கணக்கில் வைத்தே கட்டுகிறார்கள். கட்டடத்தின் இரு முனைகளிலும், சுவருக்கு வெளியே, முகட்டு உத்தரத்தைத் தாங்க முனைக்கொரு பெரிய தூண் உண்டு. புதிதாகக் கட்டி முடித்ததும் பார்த்தால் தூணின் தலைக்கும் உத்தரத்துக்கும் நடுவே சிறு இடைவெளி தெரியும். ஈரம் வற்றிப் பலகைச் சுவர் சுருங்கச் சுருங்க, புல்லின் கனத்தில் கூரை மெல்ல இறங்கும். ஆண்டுகள் போகப் போக இடைவெளி அடைபடும்.

வேலை எட்டு ஆண்டுக்கு முன்பே தொடங்கிவிடும். 2033-க்கான முதல் மரங்களை 2025-இலேயே நாகானோ மாகாணத்தின் கிசோ மலையில் வெட்டினார்கள். ரம்பம் கிடையாது, கோடரிதான். மூன்று திசையிலிருந்து கொத்திக்கொண்டே உள்ளே போவார்கள். நடுமரம் குடைபட்டுப் போக, அத்தனை பெரிய மரமும் முக்காலி போல மூன்று கால்களில் நிற்கும். விழவேண்டிய பக்கம் பார்த்துக் கடைசிக் காலைக் கொத்த, மரம் சாயும். பின்பு அதன் நுனிக்கிளை ஒன்றை ஒடித்து, அடிக்கட்டையில் செருகி வணங்குவார்கள்.

ஒருமுறை கட்டச் சுமார் 10,000 ஹினோக்கி மரங்கள் தேவை. ஈசேயின் சொந்தக் காட்டில் பெரிய மரங்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே தீர்ந்துவிட்டதால் வெளிக்காடுகளை நம்பவேண்டி வந்தது. 1923-இல் கோயில் நிர்வாகம் 200 ஆண்டுக்கான வனத் திட்டம் ஒன்றைப் போட்டது. இன்று அந்தச் சொந்தக் காட்டில் சில மரங்களின் தண்டில் வெள்ளைச் சாய வளையம் இருக்கும். ஒற்றை வளையம் என்றால் கட்டுமானத்துக்கு உதவும். இரட்டை வளையம் என்றால் பெரிய தூணாகும் வரை விட்டுவைக்க வேண்டிய மரம். 2013-இல் தேவையான மரத்தில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு இந்தக் காட்டிலிருந்தே கிடைத்தது.

ஏன் இருபது? உறுதியான ஆவணம் இல்லை. தச்சர்களிடம் ஒரு கணக்கு உண்டு: இருபது வயதில் எடுபிடி, நாற்பதில் தலைமை, அறுபதில் மேற்பார்வை. அப்படி என்றால் கோயில் எழும் ஒவ்வொரு முறையும் மூன்று தலைமுறை ஒரே பட்டறையில் நிற்கும்.

சங்கிலி அறுந்ததும் உண்டு. உள்நாட்டுப் போர்க் காலத்தில் உள் ஆலயத்தின் இடமாற்றம் 1462-க்குப் பிறகு 1585-இல்தான் நடந்தது. இடைவெளி 120 ஆண்டுக்கு மேல். இரண்டாம் உலகப் போருக்குப் பின் 1949-இல் நடக்கவேண்டியது 1953-க்குத் தள்ளிப்போனது. உலோக அணிகள் போன்ற சில நுணுக்கங்கள் காலப்போக்கில் மாறியிருப்பதாகவும் வரலாற்றாய்வாளர்கள் சொல்கிறார்கள்.

பிரித்த மரம் வீணாவதில்லை. முகடு தாங்கிய பெருந்தூண்களைச் செதுக்கி, கோயிலுக்குப் போகும் உஜி பாலத்தின் இரு முனைகளிலும் தோரி வாயில்களாக நிறுத்துகிறார்கள். அங்கே இருபது ஆண்டு. அடுத்து ஒன்று செகி ஊருக்கு, மற்றொன்று குவானா படகுத்துறைக்கு. இரண்டும் ஈசேக்கு வரும் பழைய பாதைகளில் உள்ளவை. அங்கும் வாயிலாக இன்னொரு இருபது ஆண்டு. 2013-க்கு முன் ஆலயக் கூரைக்குக் கீழே நின்ற தூண்களுக்கு அடியில்தான் இன்று உஜி பாலத்தைக் கடப்பவர்கள் நடந்துபோகிறார்கள்.