ஆசிரியருக்கும் ஒரு பேரேடு

வியாபாரிகளான நாங்கள் கடை கட்டுமுன் அன்றைய சிட்டையைப் பேரேட்டில் ஏற்றி, வரவு செலவு பார்த்துவிட்டுத்தான் எழுந்திருப்போம். பாடம் சொல்லுகிறவர்களுக்கும் அப்படியொரு கணக்கு வேண்டும். அதற்கான தலைப்புகள் நம் நன்னூலிலேயே இருக்கின்றன.

சீயகங்கன் வேண்டுகோளுக்கிணங்க, 13ஆம் நூற்றாண்டில் சமண முனிவர் பவணந்தியார் செய்த இலக்கணம் அது. அதன் பொதுப்பாயிரத்தில் ஆசிரியராகத் தகாதவருக்கு நான்கு உவமைகள் வருகின்றன. அவற்றைப் பிறரை அளக்கிற கோலாக்காமல், நம்மையே கேட்கும் கேள்விகளாக வைத்துக்கொள்ளலாம்.

முதலாவது கழற்குடம். குடத்தில் போட்ட கழற்காய், கவிழ்த்தால் போட்ட வரிசையில் வராது. இன்று வரிசையாகச் சொன்னேனா?

இரண்டாவது மடற்பனை. சித்தூர்ப் பக்கத்துப் பிள்ளைகளுக்குப் பனையைச் சொல்லித் தர வேண்டியதில்லை. கருக்கு அறுக்கும், பழம் தானாக விழுந்தால்தான் உண்டு. சந்தேகம் கேட்கப் பயப்படும்படி நடந்தேனா?

மூன்றாவது பருத்திக் குண்டிகை. பஞ்சடைத்த குடுக்கை, அடைப்பதும் எடுப்பதும் கொஞ்சங் கொஞ்சமாகத்தான். நிறையப் படித்துத் தாராளமாகச் சொன்னேனா?

நான்காவது முடத்தெங்கு. ஒருவர் தண்ணீர் ஊற்ற, காய் அடுத்தவர் தோட்டத்தில் விழும். நம்பி வந்த பிள்ளையை விட்டு, முன்பெஞ்சுக்கு மட்டும் சொன்னேனா?

இதனால் பயன் என்ன? பாலக்காட்டுச் சித்தூரிலும், இடுக்கியின் தேவிகுளம், பீர்மேடு பகுதிகளிலும் தமிழ்வழிப் பள்ளிகள் உண்டு. வீட்டில் தமிழ், வெளியே மலையாளம். மலையாளத்தில் நான், நீ, அவன் எல்லாருக்கும் 'வந்நு' ஒன்றே போதும். தமிழிலோ வந்தேன், வந்தாய், வந்தான் என்று விகுதி மாறும். மலையாளமே அதிகம் காதில் விழும் பிள்ளை இங்கே தடுமாறலாம். 'மண்டையில ஏறலை' என்று சிவப்பு மையால் சுழித்துவிட்டுப் போவது சுலபம். அதே தப்பைப் பத்து நோட்டில் பார்த்து, ஒரு தாளில் எழுதி வைக்கிற ஆசிரியருக்கோ விஷயம் புரிந்துவிடும்: இரண்டு மொழியையும் பக்கத்தில் வைத்துக் காட்டவில்லை, அவ்வளவுதான். மறுநாள் பாடம் மாறும், பிள்ளை தப்பிக்கும்.

அமெரிக்க அறிஞர் டொனால்ட் ஷான் 1983இல் எழுதிய நூலில், வேலை செய்யும்போதே யோசிப்பது, செய்தபின் யோசிப்பது என இரண்டாகப் பிரித்துச் சொன்னார். நம் நாலு கேள்வி இரண்டாவதற்கு உதவும். பழகப் பழக முதலாவதும் கைகூடும்.

ஆசிரியர் சொல்லக் கேட்பதில் கால் பங்கு, உடன் படிப்பவரோடு பழகுவதில் கால் பங்கு, பிறருக்கு எடுத்துச் சொல்வதில்தான் மீதி அரைப் பங்கு புலமை வரும் என்கிறது நன்னூல். ஆகவே ஞாயிறுதோறும் நம் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லித் தரும் அன்பர்களே, தாய்மார்களே, நாற்பது பக்க நோட்டு ஒன்று போடுங்கள். வகுப்பு முடிந்ததும் நாலு கேள்விக்கு நாலு வரி எழுதினால் போதும். அந்த அரைப் பங்கு உங்கள் கணக்கில் வரவாகும்.