கையிற் பனிக்கடியும் நோய்க் குறியீடும்

நோய் இன்னதெனத் துணிந்து, அது வந்த காரணத்தையும் ஆராய்ந்த பின்னரே மருத்துவம் செய்தல் வேண்டுமென்பது வள்ளுவர் காட்டிய நெறி. இக்காலத்து வைத்தியசாலைகளில் இந்நெறியோடு இன்னுமொரு படி சேர்ந்துள்ளது. துணியப்பட்ட நோயும் அதன் காரணமும் எழுத்தும் எண்ணுமாகிய குறியீடுகளால் ஏட்டிற் பதியப்படுகின்றன. ஒரே நோயை ஒரு வைத்தியர் ஒரு பெயராலும் மற்றொருவர் வேறொரு பெயராலும் எழுதுவாராயின், நாடுதோறும் அந்நோயால் வருந்துவோர் எத்தனை பேரென எண்ணுதல் இயலாது. அக்குறையை நீக்க எழுந்ததே நோய்களின் அனைத்துலக வகைப்பாடு.

பிரான்சு நாட்டுப் புள்ளிவிபர அறிஞரான ஜாக் பேர்ட்டியோன், 1893ஆம் ஆண்டிற் சிக்காக்கோ நகரிற் கூடிய அனைத்துலகப் புள்ளிவிபரக் கழகத்தின்முன் இறப்புக் காரணங்களின் பட்டியல் ஒன்றை வைத்தார். 1948இல் ஆறாம் திருத்தத்தின்போது உலக சுகாதார தாபனம் அப்பணியைப் பொறுப்பேற்றது; இறப்புக்கு மட்டுமன்றி நோய்க்கும் காயத்துக்கும் உரிய பட்டியலாக அது விரிந்தது. பத்தாம் திருத்தம் 1990இல் ஏற்கப்பட்டது. பதினோராந் திருத்தம் 2022 சனவரியில் நடைமுறைக்கு வந்ததாயினும், பல நாடுகள் பத்தாம் திருத்தத்தையே இன்னுங் கையாளுகின்றன. கையில் உண்டாகும் பனிக்கடியை அத்திருத்தம் எவ்வாறு குறிக்கின்றதென நோக்கின், குறியீட்டின் பயனும் அதன் எல்லையும் ஒருங்கே விளங்கும்.

பனிக்கடியாவது உறைகுளிரினால் உடலின் இழையங்கள் உறைந்து சிதைதல். குளிர் மிகும்போது உடல் தன் உள்ளுறுப்புகளின் வெப்பத்தைக் காத்தற்பொருட்டுக் கைகால்களுக்குச் செல்லுங் குருதியைக் குறைக்கின்றது. ஆதலால் விரல்களே முதலில் உறைகின்றன. கலங்களின் புறத்தே பனிப்பளிங்குகள் தோன்றிக் கலங்களிலுள்ள நீரை ஈர்க்கின்றன. மீண்டும் வெப்பமூட்டப்படும்போது, பழுதுற்ற நுண்குழாய்களிற் குருதி உறைந்து ஓட்டம் தடைப்படுதலும் உண்டு. தோலின் மேற்பகுதி மட்டும் தாக்கப்பட்டால் வெண்மையும் உணர்ச்சியின்மையும் தெளிநீர்க் கொப்புளங்களும் காணப்படும். ஆழமாகத் தாக்கப்பட்டாற் குருதிக் கொப்புளங்கள் தோன்றும். பின்னர் இழையம் கருகி இறந்துபடும்.

இவ்வேறுபாட்டையே பத்தாம் திருத்தம் தன் பிரிவுக்கு அடிப்படையாகக் கொண்டுள்ளது. மேலோட்டமான பனிக்கடி ரி 33 என்றும், இழைய இறப்போடு கூடியது ரி 34 என்றும் குறிக்கப்படும். புள்ளிக்குப் பின்வரும் எண் உடலின் இடத்தைக் காட்டும். மணிக்கட்டுக்கும் கைக்கும் உரிய எண் 5. எனவே ரி 33.5 என்பது கையின் மேலோட்டமான பனிக்கடி, ரி 34.5 என்பது கையில் இழையம் இறந்த பனிக்கடி. இவற்றோடு காரணத்தைக் கூறுங் குறியீடும் வேண்டப்படும். இயற்கைக் குளிரால் வந்ததாயின் எக்ஸ் 31. ஆழ்குளிர் அறை, திரவ நைதரசன், உலர்பனிக்கட்டி முதலிய செயற்கைக் குளிரால் வந்ததாயின் டபிள்யூ 93. பனியே பெய்யாத வெப்பநாட்டிலும் பனிக்கடி நேரக்கூடும் என்பதை இப்பின்னைய குறியீடு உணர்த்தும்.

ஐக்கிய அமெரிக்கா 2015 ஒற்றோபர் முதல் இதனை மேலும் விரித்து வழங்குகின்றது. ஆங்கு மணிக்கட்டு, கை, விரல் என்பன வெவ்வேறாகப் பிரிக்கப்பட்டு, வலம் இடம் என்பதும் சுட்டப்படுகின்றது. சான்றாக, ரி 34.531ஏ என்பது வலக்கை விரலில் இழைய இறப்போடு கூடிய பனிக்கடியைக் குறிக்கும். ஈற்றிலுள்ள 'ஏ' என்னும் எழுத்தை முதல்நாள் வருகைக்கு மட்டும் உரியதெனக் கொள்வது தவறு. நோயைத் தீர்க்குஞ் சிகிச்சை நடைபெறுங் காலமெல்லாம் அதுவே எழுதப்படும். ஆறிவருங் காலத்துக்கு 'டி' என்பதும், பின்விளைவுக்கு 'எஸ்' என்பதும் உரியன.

இவ்வளவு தெளிவான ஒழுங்கிலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. குறியீடு ஆழத்தைக் கேட்கின்றது. பனிக்கடியோ தன் ஆழத்தை உடனே காட்டுவதில்லை. உயிருள்ள இழையத்துக்கும் இறந்த இழையத்துக்கும் இடையே எல்லைக்கோடு தெளிவாகத் தோன்றப் பல வாரங்கள் செல்லும். அவசரப்பட்டு அறுத்தாற் பிழைக்கத்தக்க விரலும் போய்விடுமாதலின், தொற்று முதலிய நெருக்கடி இல்லாதவிடத்துச் சத்திரவைத்தியர் பொறுத்திருப்பர். ஏடு எழுதுவோர்க்கும் இப்பொறுமை வேண்டும். வைத்தியர் 'பனிக்கடி' என்று மட்டும் குறித்திருக்க, கொப்புளத்தின் நிறத்தைக் கண்டோ மருந்தைக் கண்டோ எழுதுநர் தாமே ஆழத்தை ஊகித்தல் முறையன்று. வைத்தியரைக் கேட்டறிதலே முறை. கேட்டும் தெளிவு பிறவாதாயின், மேற்கையின் வகை குறிப்பிடப்படாத பனிக்கடிக்கென ரி 35.4 என்னுங் குறியீடு உளது. அது அறியாததை அறியாதது என்றே பதிதற்கு அமைந்த இடம். ஆயின், கேட்டறியச் சோம்பி அதனை எழுதுவது அக்குறியீட்டின் நோக்கத்தைக் கெடுப்பதாகும்.

குறியீடு எதனைக் காக்கும், எதனை இழக்கும் என்பதற்கு மலையேற்ற வரலாற்றில் ஒரு சான்று உண்டு. 1950 யூன் 3ஆம் திகதி அன்னபூர்ணாச் சிகரத்தை எட்டிய பிரெஞ்சுக்காரரான மோரிஸ் எர்சோக், இறங்கும் வழியிற் கையுறைகளைத் தவறவிட்டார். கைகளிலும் கால்களிலும் பனிக்கடி தாக்க, கால்விரல்கள் அனைத்தையும் கைவிரல்களிற் பெரும்பாலானவற்றையும் இழந்தார். இத்தகைய ஒரு நிலையை இன்று பல இடங்களைத் தாக்கிய, இழைய இறப்போடு கூடிய பனிக்கடி எனக் கொண்டு ரி 35.1 என்று ஒரே குறியீட்டில் அடக்கலாம். ஆயின் கை என்னுஞ் செய்தி அதில் மறைந்துவிடும். அதனாலேயே, இயன்றவிடமெல்லாம் ஒவ்வொரு காயத்தையுந் தனித்தனியே குறித்தல் வேண்டுமெனப் பத்தாம் திருத்தம் அறிவுறுத்துகின்றது. அவ்வாறு செய்யின் கைக்கு ரி 34.5உம் காலுக்கு ரி 34.8உம் எழுதப்படும். இரண்டையும் எழுதிய போதிலும், கையுறை தவறியதையும் எத்தனை விரல்கள் போயின என்பதையும் இவ்வெண்கள் கூறமாட்டா. அவற்றை வைத்தியரின் குறிப்பே கூறும்.

குளிர்நாட்டு நகரொன்றிற் கைப்பனிக்கடி எத்துணைப் பேரைத் தாக்கிற்று, அவருள் வீடற்றோர் எத்தனை பேர், தொழிலாளர் எத்தனை பேர் என்று ஆராய்பவர், பலர் எழுதிய ஏடுகளையே நம்பியிருக்கின்றார். 2024இல் ஐக்கிய அமெரிக்காவில் கடும் பனிக்கடிக்கென இலோப்புரொசுற்று என்னும் மருந்து ஒப்புதல் பெற்றது. அத்தகைய மருந்து விரல்களைக் காக்கின்றதா எனப் பல்லாண்டு கழித்து நோக்குவோர்க்கும் இவ்வேடுகள் வேண்டும். ரி 33க்கும் ரி 34க்கும் உள்ள வேறுபாடு ஓர் எண்ணே. எனினும் பிழைத்த விரலும் இழந்த விரலும் அவ்வெண்ணாலேயே பிரிக்கப்படுகின்றன. ஆதலின், அறிந்ததை அறிந்த அளவிற்கு எழுதுதலே குறியீடு இடுவோர்க்குரிய கடமையாகும்.