சொறியாதே என்று சொல்வது எளிது

நோய்களுள்ளே பிறர் இரக்கத்தைப் பெறுவன சில. பிறர் நகைப்பைப் பெறுவன சில. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஒருவர் உட்கார்ந்தால் சுற்றியிருப்போர் பதறி ஓடிவருவர். பல்வலிக்காரர் கன்னத்திலே கைவைத்தால் "ஐயோ, பாவம்!" என்பர். சபையிலே ஒருவர் கையைச் சொறியத் தொடங்கினாலோ, அருகிலிருப்பவர் தம் கதிரையைச் சற்று அப்பால் இழுத்துக்கொள்வர். அரிப்பு அழுக்கினால் வருவது, அடக்கமில்லாதவனுக்கு அதிகமாவது, தொட்டால் ஒட்டிக்கொள்வது என்றெல்லாம் நெடுங்காலமாக நம் மனங்களிற் பதிந்துவிட்டது.

சில ஆண்டுகளுக்கு முன் எமது வகுப்பில் ஒரு மாணவன் இருந்தான். சித்திரை வெயிலிலும் முழுக்கைச் சட்டையே அணிந்து வருவான். எழுதிக்கொண்டிருக்கும்போதே பேனாவை வைத்துவிட்டு முழங்கையைத் தேய்ப்பான். "சொறியாதே, தம்பி, எழுது" என்று நாமும் ஒருநாள் அதட்டினோம். அவன் ஒன்றும் பேசவில்லை. இரவிலே அவன் இரண்டு மூன்று மணி நேரத்துக்குமேல் உறங்குவதில்லை என்பதைப் பின்னர் அவனுடைய தாயார் சொல்லவே அறிந்தோம். இக்கட்டுரையை எழுதத் தூண்டியது அந்த அதட்டல்தான்.

அரிப்பு என்பது யாது? 1660ஆம் ஆண்டிலே சாமுவேல் ஹாபென்றெபர் என்னும் ஜேர்மன் வைத்தியர், சொறியவேண்டும் என்னும் அவாவை எழுப்புகின்ற இனிமையற்ற உணர்ச்சியே அரிப்பு என இலக்கணம் வகுத்தார். மூன்றரை நூற்றாண்டுகள் கடந்தும் வைத்திய நூல்கள் இதனையே எடுத்தாளுகின்றன. ஆனால், அவ்வுணர்ச்சி மூளையைச் சென்றடையும் வழி பற்றி அறிஞரிடையே நெடுங்காலம் ஒரு தவறான எண்ணம் நிலவியது. அரிப்பு தனியானதோர் உணர்ச்சியன்று, மெல்லிய வலியே என்றனர். நரம்பைப் பலமாகத் தூண்டினால் வலி, மெதுவாகத் தூண்டினால் அரிப்பு என்பது அவர்களது கொள்கை.

கேட்பதற்குப் பொருத்தமாகத் தோன்றினும், சில எளிய உண்மைகளின் முன் இக்கொள்கை தடுமாறியது. மோர்பின் என்னும் மருந்து வலியைத் தணிக்கும். அதே மோர்பின் பலருக்கு அரிப்பை உண்டாக்கும். சுட்ட இடத்திலிருந்து கையை வெடுக்கென இழுத்துக்கொள்கின்றோம். அரிக்கும் இடத்துக்கோ கையைக் கொண்டுபோகின்றோம். நகத்தாற் கீறும் சிறு வலி அரிப்பைச் சிறிது நேரம் அடக்குகின்றது. ஒன்றையொன்று அடக்கும் இரண்டு எங்ஙனம் ஒன்றாதல் கூடும்? 1997ஆம் ஆண்டிலே மார்ட்டின் ஷ்மெல்ஸ் முதலிய ஜேர்மன் ஆராய்ச்சியாளர், அரிப்புச் செய்தியை எடுத்துச் செல்லும் மிக மெல்லிய நரம்பிழைகள் மனிதத் தோலிலே உண்டெனக் காட்டினர். 2007இல் அமெரிக்காவின் செயின்ற் லூயிஸ் நகரிலே, அரிப்புக்கெனவே எலியின் முண்ணாணில் அமைந்த வாங்கி ஒன்றைக் கண்டனர். அவ்வாங்கி இல்லாத எலிகள் வலியை வழக்கம்போல் உணர்ந்தன. சொறிவது மாத்திரம் குறைந்தது.

அரிப்பைத் தூண்டும் உடற்பொருள்களுள் முன்னரே அகப்பட்டது ஹிஸ்ரமின். நுளம்பு கடித்த இடம் தடித்துச் சிவப்பது பெரிதும் இதனாலேயே. இதனை எதிர்க்கும் மாத்திரைகளுக்கு வழிதிறந்த டானியல் போவே 1957இல் நோபல் பரிசு பெற்றார். திடீரென எழுந்து மறையும் தடிப்புகளுக்கு அம்மாத்திரைகள் நல்லன. ஆனால் கரப்பான் என நாம் கூறும் நெடுநாள் தோலழற்சியிலே அவை உறக்கத்தைத் தருமேயன்றி அரிப்பைப் பெரிதும் தணிப்பதில்லை. 1952இல் ஐதரோக்கோட்டிசோன் பூச்சு வந்தது. தோல் வைத்தியத்தில் அஃது ஒரு புதுயுகமே. ஆயினும் அவ்வினத்தைச் சேர்ந்த வலிய பூச்சுகளை நெடுநாள் பூசினால் தோல் மெலியும். அவற்றுக்கும் அடங்காத நோயாளர் பலர் எஞ்சினர். அரிப்பை உண்டாக்கும் தூதுவன் ஹிஸ்ரமின் ஒருவன் அல்லன் என்பது இதனால் விளங்கிற்று. மற்றையவன் யார்?

கை எட்டாத இடம்

அவனைத் தேடிப் போகுமுன் ஒரு நோயைப் பற்றிச் சொல்லவேண்டும். புரூரிகோ நொடுலாரிஸ் என்பது அதன் பெயர். 1909ஆம் ஆண்டில் அமெரிக்க வைத்தியர் ஜேம்ஸ் நெவின்ஸ் ஹைட் அப்பெயரை இட்டார். கைகளிலும் கால்களிலும் உடலிலும் பட்டாணிக்கடலை அளவிலும் அதனினும் பெரிதாகவும் கடினமான முடிச்சுகள் எழும். ஒவ்வொன்றும் தாங்கொணாது அரிக்கும். ஆண்டுக்கணக்காக நீடிக்கும். இந்நோயாளரின் முதுகைப் பார்க்கும் வைத்தியர்கள் ஒரு விந்தையைக் காண்பதுண்டு. முதுகெங்கும் முடிச்சுகள் இருக்க, நடு முதுகிலே மாத்திரம் வண்ணத்துப்பூச்சி சிறகு விரித்தாற்போல ஓரிடம் மாசற்று இருக்கும். அவ்விடத்துக்கு நோயாளியின் கை எட்டாது என்பதே காரணம். அரிப்பதனாற் சொறிகின்றனர், சொறிவதனாலே தோல் தடித்து முடிச்சாகின்றது, முடிச்சு மேலும் அரிக்கின்றது. செக்கு மாடு சுற்றுவதுபோன்ற இச்சுழற்சியிலே ஓரிடத்தை வெட்டிவிட்டால் முழுவதும் நின்றுவிடாதா என்பதே வைத்தியர் எழுப்பிய வினா.

2004ஆம் ஆண்டிலே அமெரிக்காவின் சியாற்றில் நகரிலிருந்து விடைக்கான முதற் செய்தி வந்தது. எமது குருதியிலுள்ள வெண்கலங்கள் தமக்குள்ளே செய்தி பரிமாறுவதற்குச் சிறு புரதங்களைச் சுரக்கின்றன. இன்ரர்லூக்கின் என்பன அவை; கண்டறியப்பட்ட முறைப்படி எண்ணிட்டு அழைப்பர். சியாற்றில் ஆராய்ச்சியாளர் கண்ட இன்ரர்லூக்கின்-31 அளவுக்குமீறிச் சுரக்குமாறு எலிகளின் பரம்பரை அலகை மாற்றியபோது, அவ்வெலிகள் ஓயாது சொறிந்தன, உரோமம் உதிர்ந்தது, தோல் அழன்றது. வெண்கலங்கள் ஒன்றோடொன்று பேசுவதற்கு அமைந்த இச்சொல்லை நரம்புகளும் கேட்கின்றன என்பது பின்னர் தெளிவாயிற்று. இப்புரதத்தை ஏற்கும் வாங்கி தோலின் உணர்ச்சி நரம்புகளிலேயே இருக்கின்றது. தபாற்காரன் கொண்டுவரும் கடிதம் நேரே நரம்பின் பெட்டியிலே விழுகின்றது என்க.

இனி, அப்பெட்டியின் வாயை அடைப்பது எப்படி? இங்கேதான் பிறபொருளெதிரி உதவிக்கு வருகின்றது. நோய்க்கிருமி உட்புகும்போது அதன் உருவத்துக்குப் பொருந்துமாறு உடல் ஆக்கிக்கொள்ளும் புரதம் அது. ஒன்றைப் பற்றுவது மற்றொன்றைப் பற்றாது. 1975இல் கேம்பிரிட்ஜிலே கோலர், மில்ஸ்ரைன் என்னும் இருவர், ஒரே வகைப் பிறபொருளெதிரியை வேண்டியமட்டும் ஆய்கூடத்தில் ஆக்கும் முறையைக் கண்டு, 1984இல் நோபல் பரிசைப் பகிர்ந்தனர். எலியிலிருந்து பெற்றதை மனித உடல் அந்நியப் பொருளாகக் கருதி எதிர்க்கும். ஆகவே பற்றும் நுனியை மாத்திரம் வைத்துக்கொண்டு, எஞ்சியதை மனிதப் புரதத்தின் அமைப்புக்கு மாற்றும் வித்தையும் பின்னர் கைவந்தது. இவ்வின மருந்துகளின் பெயர்கள் "மாப்" என முடிவதை மாணவர்கள் கவனித்திருக்கலாம்.

யப்பானியக் கம்பனியான சுகாய் இம்முறையில் ஆக்கியதே நெமோலிசுமாப். இன்ரர்லூக்கின்-31ஐ ஏற்கும் வாங்கியை இது பற்றிக்கொள்கின்றது. தபாற்காரன் வருகின்றான், பெட்டியின் வாய் மூடியிருக்கின்றது. புரதமாகையால் இதனை விழுங்கினால் உணவைப்போலச் சமித்துவிடும். எனவே நான்கு வாரத்துக்கொருமுறை தோலின் கீழ் ஊசியாக ஏற்றுவர்.

இதிலே ஒரு வேடிக்கையும் உண்டு. இத்தூதுவனைத் தடுக்கும் மருந்து மனிதனுக்கு முன்னரே நாய்க்குக் கிடைத்துவிட்டது. லோகிவெற்மாப் என்னும் நாய்மருந்து 2016ஆம் ஆண்டளவிலேயே அமெரிக்காவில் வழக்குக்கு வந்தது. அது பெட்டியை மூடுவதில்லை. தபாற்காரனையே வழியிற் பிடித்துக்கொள்ளும்.

2023இல் வெளியான ஒரு பரிசோதனையை மாத்திரம் சற்று விரித்துக் கூறுவோம். புரூரிகோ நொடுலாரிஸ் முற்றிய 274 பேரை எடுத்து, மூன்றில் இரு பங்கினருக்கு மருந்தும், எஞ்சியோருக்கு மருந்தற்ற வெறும் ஊசியும் ஏற்றினர். எவருக்கு எது என்பது ஏற்றியவருக்கும் தெரியாது, ஏற்றுக்கொண்டவருக்கும் தெரியாது. அரிப்பை 0 முதல் 10 வரை நோயாளரே எண்ணிட்டுக் கூறவேண்டும். நான்காம் வாரத்திலேயே, மருந்து பெற்றவர்களில் நூற்றுக்கு 41 பேருக்கு அந்த எண் நான்கோ அதற்கு மேலோ குறைந்திருந்தது. மற்றவர்களில் ஏறக்குறைய எட்டுப் பேருக்கே குறைந்தது. பதினாறாம் வாரத்தில் இது 56க்கு 21 ஆயிற்று. எம்மைப் பெரிதும் கவர்ந்தது உறக்கக் கணக்கே. இரவுத் துயர் அதேயளவு குறைந்தோர் மருந்து பெற்றவர்களில் நூற்றுக்கு 52 பேர். மற்றவர்களில் 21 பேர். தோல் முழுவதும், அல்லது ஏறக்குறைய முழுவதும் தெளிந்தோர் 38க்கு 11. வெறும் ஊசியாலும் ஐவருக்கொருவர் ஆறுதல் பெற்றனரே என்று வியப்போர், இத்தகைய ஒப்பீடு இல்லாமற் கூறப்படும் மருந்துப் புகழ்ச்சிகளை எவ்வளவு நம்பலாம் என்பதையும் எண்ணிப்பார்க்கட்டும்.

கரப்பான் அரிப்புக்கு இம்மருந்தை யப்பான் 2022இல் அங்கீகரித்தது. அமெரிக்கா 2024 ஓகஸ்ற் மாதத்தில் புரூரிகோ நொடுலாரிசுக்கும், டிசம்பரில் பன்னிரண்டு வயதும் அதற்கு மேலுமுள்ள கரப்பான் நோயாளருக்கும் அங்கீகரித்தது. கரப்பானுக்குப் பூச்சுமருந்தோடு சேர்த்தே வழங்கவேண்டும் என்பது விதி. வேறு தூதுவர் இருவரை ஒருங்கே தடுக்கும் டுப்பிலுமாப் என்னும் முன்னோடி மருந்து 2017 முதல் அங்கு வழக்கிலுண்டு.

இவற்றைக் கேட்டவுடன் அற்புத மருந்து வந்துவிட்டதென்று துள்ளவேண்டியதில்லை. இஃது நோயை வேரோடு அகற்றுவதன்று. பெட்டியின் வாயை மூடிவைப்பதே. பரிசோதனையிலேயே நூற்றுக்கு நாற்பதுக்கு மேற்பட்டோர் எதிர்பார்த்த அளவு தணியவில்லை. சிலருக்குத் தலைவலி, சிலருக்குப் புதிதாகத் தோற்படை தோன்றின. விலையோ சாதாரண குடும்பம் எட்டக்கூடியதன்று. எல்லா அரிப்புக்கும் இது மருந்துமன்று. வீட்டிலுள்ளோர் பலருக்கும் ஒருங்கே இரவில் அரித்து, விரலிடுக்குகளிற் கொப்புளம் கண்டால், அது பெரும்பாலும் தோலிலே துளைத்து வாழும் சிற்றுயிரியால் வரும் சிரங்கு. மலிவான பூச்சே அதற்குப் போதும், ஆனால் வீட்டார் அனைவரும் ஒரேநாளிற் பூசவேண்டும். முதியோருக்குத் தோலிலே ஒன்றும் காணாமல் உடலெங்கும் அரித்தால், சிறுநீரகத்தையோ ஈரலையோ சோதிக்கவேண்டி நேரும்.

வைத்தியரிடம் செல்வோர் "கடிக்கிறது, ஐயா" என்று மாத்திரம் சொல்லி நிற்கின்றனர். அவரும் ஒரு பூச்சை எழுதிக்கொடுத்து அனுப்பிவிடுகின்றார். ஒரு கொப்பியை எடுத்து, படுக்கைக்குப் போகும்போது அரிப்பு 0 முதல் 10 வரை எத்தனை, இரவிலே எத்தனை முறை விழிப்பு என்று இரண்டு வாரம் குறித்துக்கொண்டு போவது நல்லது. பிள்ளைக்காகத் தாயே எழுதலாம். எழுதும்போது பிள்ளையை "சொறிந்தாயா?" என்று கேட்கவேண்டாம், "உறங்கினாயா?" என்று கேட்டாற் போதும்.