கொட்டகை வளர்த்த குரல்: கே. பி. சுந்தராம்பாள்

இயல், இசை, நாடகம் என முத்தமிழ் என்கிறோம். ஆயினும் நம் கல்லூரிப் பாடத்திட்டத்தில் இயலுக்கே பேரிடம். இசை சபாக்களுக்குச் சென்றது. நாடகம் திருவிழாப் பந்தலோடு நின்றது. இம்மூன்றும் ஒரே மேடையில், ஒரே குரலில் கூடி நின்ற காலம் ஒன்று இருந்தது. அக்காலத்தின் சான்றாக விளங்கியவர் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் (1908–1980). அவருடைய கலை வாழ்வை அறிவது, தமிழிசை நாடகம் எப்படி இயங்கியது என்பதை அறிவதும் ஆகும்.

ஸ்பெஷல் நாடகம்

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர் சுந்தராம்பாள். ரயிலில் பாடிப் பிழைத்த சிறுமியின் குரலைக் கேட்டவர்கள் அவரை நாடக மேடைக்கு வழிகாட்டினர் என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். சிறுவர் வேடத்தில் தொடங்கி, ஸ்திரீபார்ட், ராஜபார்ட் இரண்டும் ஏற்று நடிக்கும் நிலைக்கு அவர் உயர்ந்தார்.

அந்நாளில் வழங்கிய முறைக்கு ‘ஸ்பெஷல் நாடகம்’ என்று பெயர். இதில் நிலையான கம்பெனி இல்லை. நாடகக் காண்டிராக்டர் ஓர் ஊரிலிருந்து ராஜபார்ட்டையும், வேறோர் ஊரிலிருந்து ஸ்திரீபார்ட்டையும், மற்றோர் ஊரிலிருந்து பபூனையும் தனித்தனியே பேசி வரவழைப்பார். ஒத்திகை கிடையாது. முன்பின் சேர்ந்து நடித்திராத இருவர் விடிய விடிய நடித்து முடிப்பது எப்படி? நாடகத் தந்தை சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) இயற்றிய ‘வள்ளி திருமணம்’, ‘பவளக்கொடி’, ‘கோவலன்’ போன்ற நாடகங்களின் பாடல்களும் வசனங்களும் எல்லா நடிகருக்கும் மனப்பாடம். அந்தப் பொதுப் பாடமே ஒத்திகையின் இடத்தை நிரப்பிற்று.

பாடம் பொதுவாயினும், அதனை விரிப்பது அவரவர் திறமை. வேலன் ஒரு பாட்டில் கேள்வி தொடுத்தால், வள்ளி அதே சுருதியில் விடை பகர வேண்டும். தர்க்கம் சூடேறினால் கொட்டகையே அதிரும். குரலும் தமிழும் சமயோசிதமும் ஒருசேரச் சோதிக்கப்படும் தேர்வு அது. நம் பருவத் தேர்வுக்காவது முன்கூட்டியே தேதி தெரியும். அந்தத் தேர்வோ ஒவ்வோர் இரவும் நடந்தது!

குரலின் இலக்கணம்

ஆர்மோனியத்தின் வெள்ளைக் கட்டைகளை எண்ணி ‘ஒரு கட்டை, இரண்டு கட்டை’ என்று சுருதியைக் குறிப்பது நம் வழக்கம். எண் கூடக் கூட சுருதி உயரும். ஒலிபெருக்கி பரவாத காலத்தில் கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவருக்கும் சொல் விளங்க வேண்டுமாயின் உச்ச சுருதியில் பாடியே ஆகவேண்டும். கத்தினால் இசை கெடும். மென்று விழுங்கினால் கதை கெடும். உயர்ந்த சுருதியிலும் ஒவ்வொரு சொல்லும் தனித்தனியே தெறித்து விழப் பாடுவது கொட்டகை கற்பித்த கலை. தாளமின்றி, ராகம் மாற்றி மாற்றி விருத்தம் பாடும்போது இக்கலை முழு அழகுடன் வெளிப்படும். பிற்காலத்தில் சுந்தராம்பாளின் கச்சேரிகளைத் தனித்துக் காட்டியதும் இதுவே.

கிட்டப்பாவும் பின்னும்

1926இல் இலங்கையில் நாடகம் நடத்தச் சென்றபோது செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவுடன் அவர் இணைந்து நடிக்கலானார். கிட்டப்பாவின் குரலுக்கு முன் எந்தப் பெண்குரலும் நில்லாது என்று எண்ணியோர் வியக்கும்படி இந்த ஜோடி புகழ் பெற்றது. மேடைத் துணை வாழ்க்கைத் துணையாகவும் மலர்ந்தது. கிட்டப்பாவுக்கு முன்னரே மணமாகியிருந்தமையால் அவ்வாழ்வில் இன்பத்தோடு துன்பமும் கலந்தே இருந்தது. கடற்கரையிலிருந்து நம் தாம்பரத்திற்கு மின்சார ரயில் ஓடத் தொடங்கிய 1931ஆம் ஆண்டில் இவர்கள் இசைத்தட்டுகளாலும் நாடகங்களாலும் தமிழகமெங்கும் அறியப்பட்டிருந்தனர். இரண்டே ஆண்டுகளில், 1933 டிசம்பரில், கிட்டப்பா மறைந்தார். அப்போது சுந்தராம்பாளுக்கு வயது 25.

வெள்ளாடை பூண்டார்; இனி எந்த ஆடவருக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என உறுதி கொண்டார். காதற் காட்சிகளையே உயிராகக் கொண்ட நாடக மேடையில் இதன் பொருள் என்ன? தொழிலை இழப்பது என்பதே. அன்றைய சமூகம் கைம்பெண்ணுக்கு அளித்த இடமும் வீட்டின் மூலைதான்.

அவர் மூலையில் முடங்கவில்லை. கச்சேரி மேடை ஏறினார். காங்கிரஸ் கூட்டங்களில் தேசியப் பாடல்களைப் பாடினார். ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் பெற்று 1935இல் ‘நந்தனார்’ திரைப்படத்தில் ஆண்வேடமாகிய நந்தனாராகவே நடித்தார். படம் எதிர்பார்த்த வெற்றி பெறவில்லை. ஆனால் பாதை திறந்தது. அடுத்து அவர் ஏற்ற வேடங்களை வரிசைப்படுத்திப் பாருங்கள்: 1940இல் மணிமேகலை, 1953இல் ஜெமினியின் ‘ஔவையார்’, 1964இல் ‘பூம்புகார்’ படத்தில் கவுந்தியடிகள், 1973இல் ‘காரைக்கால் அம்மையார்’. துறவியர், அடியார், புலவர்! விரதம் அடைத்த கதவுக்கு அப்பால், தமிழிலக்கியத்தின் பற்றற்ற பெண்களையெல்லாம் தமக்குரிய பாத்திரங்களாக்கிக் கொண்டார். ஔவை என்றதும் இன்று தமிழர் மனக்கண்ணில் அவர் உருவமே தோன்றுகிறது எனின் மிகையாகாது.

சிறப்புகளும் ஒரு கேள்வியும்

1951இல் சென்னை மாகாணச் சட்ட மேலவை உறுப்பினரானார். தமிழ் இசைச் சங்கம் ‘இசைப் பேரறிஞர்’ பட்டம் அளித்தது. ‘துணைவன்’ (1969) படப்பாடலுக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதும், 1970இல் பத்மஸ்ரீ விருதும் கிடைத்தன. பள்ளிப்படிப்புக்கு வழியின்றி வளர்ந்த ஒரு சிறுமி இவ்வளவும் எய்தினார்.

ஆயினும் ஒரு கேள்வியை நாம் தவிர்க்கலாகாது. துணையை இழந்த ஒரு நடிகரிடம் இத்தகைய துறவை உலகம் எதிர்பார்த்திருக்குமா? இராது. அவர் தியாகத்தைப் போற்றும் நாம், அத்தகைய விலையைப் பெண்ணிடம் மட்டுமே கேட்ட வழக்கத்தையும் சேர்த்துப் போற்றிவிடக் கூடாது. போற்றத்தக்கது அவர் இழந்தது அன்று, இழந்தபின் எழுப்பியது.

மாணவ நண்பர்களே! மதுரை, புதுக்கோட்டைப் பகுதிக் கோயில் திருவிழாக்களில் ‘வள்ளி திருமணம்’ இன்றும் விடிய விடிய நடக்கிறது. தாம்பரத்தில் ரயிலேறி ஊருக்குச் செல்லும் நம்மில் பலர் அந்தப் பந்தலைக் கடந்தே வீடு சேர்கிறோம். அடுத்த முறை சிறிது நேரம் நில்லுங்கள். கேள்வியும் விடையுமாகப் பாட்டு மோதுவதைக் கேளுங்கள். சுந்தராம்பாள் பயின்ற பல்கலைக்கழகம் அதுவே. அதன் வாயில் இன்னும் மூடப்படவில்லை.