கேஸ் ஜெயிச்சு வேலை திரும்பக் கிடைச்சா, விட்டுப்போன சம்பளமும் வருமா?

வீட்டில் அப்பாவையோ அண்ணனையோ அரசு வேலையிலிருந்து டிஸ்மிஸ் பண்ணிட்டாங்க, பல வருஷம் கேஸ் நடந்து, மறுபடியும் பணியில் சேர்க்கச் சொல்லி தீர்ப்பு வந்துடுச்சுன்னு வெச்சுக்குவோம். உடனே எல்லார் மனசிலும் ஒரு கணக்கு ஓடும்: மாசம் இவ்வளவு, இத்தனை வருஷம், அப்போ இத்தனை லட்சம். அந்தப் பணத்தை நம்பி மனைக்கு அட்வான்ஸ் கொடுத்துடாதீங்க. வேலை திரும்பக் கிடைக்கிறது வேற, வேலையில் இல்லாத காலத்துச் சம்பளம் கிடைக்கிறது வேற.

முதல்ல பார்க்க வேண்டியது, கேஸ் எதனால் ஜெயிச்சது என்பது. மத்திய அரசு ஊழியர்களுக்கு இதை அடிப்படை விதிகள் சொல்கின்றன. டிஸ்மிஸலை கோர்ட் ரத்து செய்தால் பார்க்க வேண்டியது 54-ஏ. குற்றச்சாட்டை ஆராய்ந்து, அதில் உண்மையில்லை என்று கோர்ட் சொன்னால் முழுச் சம்பளம். அந்தக் காலம் பணிக்காலமாகவும் சேரும். ஆனால் "விளக்கம் சொல்ல வாய்ப்பே கொடுக்கல" என்பது போல, அரசியலமைப்பின் 311-வது பிரிவு சொல்லும் நடைமுறையில் ஓட்டை என்பதற்காக மட்டும் ரத்தானால், முழுச் சம்பளம் கிடையாது. எவ்வளவு என்பதை துறையே முடிவு பண்ணும். சஸ்பென்ஷனில் இருப்பவருக்குத் தரும் பிழைப்பூதியத்துக்குக் கீழே மட்டும் போகக் கூடாது.

முடிவு பண்றதுக்கு முன்னாடி துறை ஒரு நோட்டீஸ் அனுப்பும். பதில் சொல்ல அதிகபட்சம் 60 நாள்தான். ஜெயிச்ச சந்தோஷத்தில் அதை மேசை டிராயரில் போட்டு வைக்கக் கூடாது. லட்சக்கணக்கான ரூபாய் அந்தப் பதிலில்தான் இருக்கு.

கிரிமினல் கேஸில் விடுதலை ஆனவங்க நிலைமை இன்னும் சிக்கல். கொலை வழக்கில் தண்டனை பெற்று, பிறகு உயர் நீதிமன்றத்தில் விடுதலையான குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவருக்கு வேலை திரும்பக் கிடைத்தது. ஆனால் நடுவில் போன வருஷங்களுக்குச் சம்பளம் இல்லை என்று 1996-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்த வழக்கைத் துறை போடவில்லை, அவர் வேலைக்கு வர முடியாததற்குத் துறை காரணமில்லை என்பதுதான் அடிப்படை. கேட்க கஷ்டமா இருந்தாலும் லாஜிக் அதுதான்.

இரண்டாவது கேள்வி: அந்த இடைப்பட்ட காலத்தில் என்ன பண்ணிட்டு இருந்தீங்க? மகாராஷ்டிராவைச் சேர்ந்த ஒரு ஆசிரியையின் வழக்கில் 2013-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: தவறான பணிநீக்கம் என்றால் பின்சம்பளத்தோடு வேலை தருவதுதான் பொதுவான விதி. ஆனால் "எனக்கு வேற வேலை இல்லை" அல்லது "குறைஞ்ச சம்பளத்துக்குத்தான் இருந்தேன்" என்பதை ஊழியர் முதலில் சொல்லணும். சொல்லிட்டா, இல்லை, நல்ல சம்பளத்தில் இருந்தார் என்று நிரூபிக்கிற பொறுப்பு நிர்வாகத்துக்குப் போயிடும். பலர் மனுவில் இந்த ஒரு வரியை விட்டுடுறாங்க. வேற இடத்தில் வேலை பார்த்திருந்தால் மறைக்காதீங்க. விதிப்படி அந்த வருமானத்தைக் கழித்துக்கொண்டுதான் தருவாங்க. பிஎஃப் கணக்கும் 26ஏஎஸ்ஸும் எல்லாத்தையும் காட்டிக் கொடுத்துடும்.

சரி, பணம் வந்துடுச்சு. இப்போ வரி. இந்தப் பகுதி தனியார் கம்பெனியில் அரியர்ஸ் வாங்குற உங்களுக்கும் பொருந்தும்.

ஒருத்தருக்கு 2025-26-ல் வழக்கமான சம்பளம் 8 லட்சம். அதோடு 2019-20, 2020-21, 2021-22 மூன்று வருஷத்துக்கும் தலா 4 லட்சம் வீதம் 12 லட்சம் பின்சம்பளம் வருது. அந்த வருஷங்களில் வேற வருமானம் இல்லை. புதிய வரி முறையில் மொத்தம் 20 லட்சம், நிலையான கழிவு 75,000 போக 19.25 லட்சம். வரி 1,85,000, செஸ் சேர்த்து 1,92,400 ரூபாய். 8 லட்சம் மட்டும் வந்திருந்தால் அவருக்கு வரியே கிடையாது. 4 லட்சமும் அந்தந்த வருஷமே வந்திருந்தாலும் 87ஏ தள்ளுபடியில் வரி பூஜ்யம்தான். துறை லேட்டா கொடுத்ததுக்கு இவர் ஏன் ரெண்டு லட்சம் கட்டணும்?

கட்ட வேண்டாம். வருமான வரிச் சட்டம் 89-வது பிரிவு இதுக்குத்தான் இருக்கு. பணத்தை உரிய வருஷங்களுக்குப் பிரித்துக் கணக்குப் போட்டு, கூடுதலாக வந்த வரியைக் கழிச்சுக்கலாம். மேலே சொன்ன உதாரணத்தில் 1,92,400 முழுசும் போயிடும். ஒரே நிபந்தனை, ஐடிஆர் போடுறதுக்கு முன்னாடி ஃபார்ம் 10ஈ-யை ஆன்லைனில் தாக்கல் பண்ணணும். அது இல்லாம ஐடிஆரில் மட்டும் கழிச்சா, சலுகையை மறுத்து, வரி பாக்கின்னு நோட்டீஸ் வரும்.

சம்பளம் பட்டுவாடா செய்யும் அதிகாரியிடம் பில் போடுறதுக்கு முன்னாலேயே 10ஈ விவரத்தைக் கொடுத்துடுங்க. அவரே அதைக் கணக்கில் எடுத்து டிடிஎஸ்ஸைக் குறைக்கச் சட்டத்தில் இடம் இருக்கு. இல்லேன்னா பிடிச்ச பணம் ரீஃபண்டா திரும்பி வர்ற வரைக்கும் காத்திருக்கணும்.