தீக்குச்சியை உரசும் முன்



வங்கியில் முப்பத்து நாலு வருஷம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். இப்போது ஆழ்வார்திருநகரியில் நெல், வாழை, கொஞ்சம் தென்னை. விவசாயத்துக்கு வந்த முதல் வருஷம், ஆனி மாதத்து ஒரு சாயங்காலம், சருகையும் தென்னை மட்டையையும் கூட்டித் தீ வைத்துவிட்டு மோட்டாரை நிறுத்தப் போனேன். திரும்பி வருவதற்குள் மேல்காற்றில் பொறி பறந்து, பக்கத்து வயல் அண்ணாச்சியின் வைக்கோல் படப்பு எரிந்துகொண்டிருந்தது.

மறுநாளே பணம் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு அவர் கேட்டார்: “ரூவாயத் தந்துட்டீய சார், சரிதான். மாடு இன்னைக்கு என்னத்தத் திங்கும்?”

என்னிடம் பதில் இல்லை. அதற்குப் பிறகுதான் இதைப் பற்றி விசாரித்துத் தெரிந்துகொண்டேன்.

சட்டம் என்ன சொல்கிறது?

தெருவிலோ பொது இடத்திலோ குப்பையை எரிக்கக் கூடாது, வாய்க்காலிலும் ஆற்றிலும் கொட்டக் கூடாது என்று 2016ஆம் ஆண்டின் திடக்கழிவு மேலாண்மை விதிகளே சொல்லிவிட்டன. அதே ஆண்டு டிசம்பரில் தேசிய பசுமைத் தீர்ப்பாயம், திறந்தவெளியில் குப்பை எரிப்பதை நாடு முழுக்கத் தடை செய்தது. சாதாரணமாக எரித்தால் 5,000 ரூபாய், பெருமளவில் எரித்தால் 25,000 ரூபாய் கட்ட வேண்டும். தீயைக் கவனக்குறைவாகக் கையாண்டு அடுத்தவர் உயிருக்கு ஆபத்து உண்டாக்கினால், பாரதிய நியாய சன்ஹிதா 287ஆம் பிரிவுப்படி ஆறு மாதம் வரை சிறைகூட உண்டு.

எதை எரிக்கவே கூடாது?

2023 டிசம்பர் வெள்ளம் வடிந்தபோது, தாமிரபரணிக் கரை வயல்களில் சேறோடு சேர்ந்து பிளாஸ்டிக்கும் கிடந்தது. கூட்டிக் கொளுத்திவிடலாம் என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் பி.வி.சி. குழாய்த் துண்டிலும் வயர் உறையிலும் குளோரின் இருக்கிறது. எரித்தால் டயாக்சின் என்ற நஞ்சு உண்டாகும். அது புல்லில் படிந்து, மாட்டின் கொழுப்பில் சேர்ந்து, பால் வழியாக நம் வீட்டுக்கே வரும். பூச்சிமருந்து தெளிக்காத நாம் இதைச் செய்யலாமா? பிளாஸ்டிக்கைத் தனியாகப் பிரித்து, தூய்மைப் பணியாளரிடம் கொடுத்துவிடுங்கள்.

சருகை எரித்தால் என்ன நஷ்டம்?

ஒரு டன் நெல் வைக்கோலில் சுமார் 5.5 கிலோ தழைச்சத்து, 2.3 கிலோ மணிச்சத்து, 25 கிலோ சாம்பல்சத்து இருக்கிறது. எரித்தால் தழைச்சத்து ஏறக்குறைய முழுசும் காற்றோடு போச்சு. மிச்சம் சாம்பலில் இருக்கும். காற்றடித்தாலோ மழை பெய்தாலோ அதுவும் முழுசாக நம் வயலில் நிற்காது.

தென்னை மட்டையைத் துண்டு போட்டு மரத்தைச் சுற்றி மூடாக்காகப் பரப்புங்கள். வாழைத்தண்டில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். அது எரியவும் எரியாது. நறுக்கிப் போட்டுச் சாணக் கரைசல் தெளித்தால் மட்கிவிடும். குப்பைக்குழியை அவ்வப்போது கிளறி, காண்டாமிருக வண்டின் புழுக்களைப் பொறுக்கிவிடுங்கள்.

தவிர்க்கவே முடியாவிட்டால்?

வாடல் நோய், முடிக்கொத்து நோய் வந்த வாழையை மூடாக்காகவும் போடக் கூடாது, குழியிலும் சேர்க்கக் கூடாது. அதை அழிக்க எரிப்பதாக இருந்தால்:

• பேரூராட்சியிலோ ஊராட்சியிலோ முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள்.

• காற்றில்லாத காலை நேரம் மட்டும். ஆனி, ஆடியில் வேண்டவே வேண்டாம்.

• சுற்றிலும் புல்லைச் செதுக்கி மண் தெரிய வையுங்கள். படப்பு, ஓலைக்கூரை, பனைமரம், மின்கம்பி இவற்றைவிட்டு நன்றாகத் தள்ளியிருக்கட்டும்.

• நன்றாகக் காயவைத்து, சிறு குவியலாக எரியுங்கள். பெட்ரோல், மண்ணெண்ணெய் ஊற்றாதீர்கள், டயரும் போடாதீர்கள். ஸ்ப்ரே டின் கிடந்தால் வெடிக்கும்.

• தண்ணீரும் மண்வெட்டியும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். சின்னப் பிள்ளைகள் பக்கத்தில் வரக் கூடாது.

• அணையும்வரை நகராதீர்கள். தண்ணீர் ஊற்றி, கிளறி, மறுபடி ஊற்றுங்கள். மேலே சாம்பல் பூத்திருந்தாலும் உள்ளே கங்கு கிடக்கும்.

• தீ பரவினால் நாமே அணைத்துவிடலாம் என்று நேரம் கடத்தாமல் 101க்குக் கூப்பிடுங்கள்.

இந்த வருஷப் பிசான அறுப்பில் என் வைக்கோலில் பாதி அண்ணாச்சி வீட்டுப் படப்புக்குப் போனது. அவர் மாட்டுச் சாணம் என் குழிக்கு வருகிறது. என் தோட்டத்தில் இப்போது தீப்பெட்டிக்கு வேலை இல்லை.