கோப்பு அலமாரியிலிருந்து ஒரு குங்ஃபூ வீரன்

காவல் நிலையத்தைக் கூட்டிப் பெருக்கும் பென்ரி என்ற நாய்க்கு இன்னொரு முகம் உண்டு. குற்றச் செய்தி காதில் விழுந்ததும் கோப்பு அலமாரிக்குள் புகுந்து, முகமூடியும் அங்கியுமாக வெளியே வரும். பாதி நேரம் இழுப்பறையில் சிக்கிக்கொள்ளும். ஸ்பாட் என்ற பூனைதான் மீட்க வேண்டும். சண்டை நடுவில் குங்ஃபூ புத்தகத்தைப் புரட்டி அடுத்த அடியைத் தேடுகிற வீரன் இவன். துப்புத் துலக்குவதெல்லாம் பூனை, பேர் வாங்குவது நாய்.

1974-ல் ஹன்னா-பார்பரா நிறுவனம் அமெரிக்கத் தொலைக்காட்சிக்காக எடுத்த ‘ஹாங்காங் ஃபூயி’ இது. முந்தைய ஆண்டு புரூஸ் லீயின் ‘என்டர் தி டிராகன்’ வந்து ஊரெல்லாம் குங்ஃபூ மோகம்.

ஆனால் குங்ஃபூ என்றால் அசைவு, அசைவு என்றால் செலவு. திரையில் நொடிக்கு 24 சட்டகங்கள் ஓடுகின்றன. நிறுவனர்களான ஹன்னாவும் பார்பராவும் முன்பு திரையரங்குகளுக்காக எடுத்த ‘டாம் அண்ட் ஜெர்ரி’யில் அந்த அசைவுக்காக ஆயிரக்கணக்கில் படங்கள் வரைய முடிந்தது. தொலைக்காட்சி தந்த பணத்தில் அது நடக்காது. அதனால் உடம்பை ஒரு கண்ணாடித் தாளிலும் வாயை இன்னொன்றிலும் வரைந்தார்கள். பேசும்போது வாய் மட்டும் மாறும், உடம்பு அப்படியே நிற்கும். ஓடும்போது பின்னணியில் அதே வீடும் மரமும் திரும்பத் திரும்ப வரும். அதே நிறுவனத்தின் யோகி கரடி அணியும் கழுத்துப்பட்டைகூடத் தலையும் உடம்பும் சேரும் இடத்தை மறைக்கத்தான்.

அசைவு குறைந்ததால் சிரிப்பைக் குரல் சுமந்தது. ஜாஸ் பாடகர் ஸ்கேட்மேன் கிரோதர்ஸின் கரகரத்த குரல் இல்லாமல் அந்த நாயை நினைத்துப் பார்க்கவே முடியாது. அடி விழுவதைக் காட்டாமல் சத்தத்தை மட்டும் கேட்கவிட்டாலும் குழந்தை மீதியைத் தானே நிரப்பிக்கொள்கிறது.

சூலக்கரை, சிவகாசிப் பக்கத்து வாசகர்களுக்கு இது பழகிய வேலை. 1972-ல் சிவகாசியிலிருந்து முத்து காமிக்ஸ் இரும்புக்கை மாயாவியைக் கொண்டுவந்த நாளிலிருந்து, கட்டத்துக்கும் கட்டத்துக்கும் நடுவே நடக்கும் சண்டையை மனசுக்குள் ஓட்டிப் பார்த்தவர்கள் அவர்கள்.

பிறகு குங்ஃபூ கார்ட்டூனே தமிழ் பேசியது. 2007-ல் தொடங்கிய சுட்டி டிவி, ‘ஜாக்கி சானின் சாகசங்கள்’ என்ற கார்ட்டூன் தொடரைத் தமிழில் பேசவிட்டது. தொல்பொருள் ஆய்வாளரான ஜாக்கி, ரகசியப் போலீசுக்காக மந்திரத் தாயத்துகளைத் தேடி அலைவார். கார்ட்டூன் வாய்க்குச் சில வடிவங்களே இருப்பதால், மனித முகத்தைவிட இதற்குத் தமிழ் வசனம் எளிதாகப் பொருந்தும். சண்டையிலோ ஹாங்காங் ஃபூயியைவிட அசைவு அதிகம். நாற்காலி, ஏணி என்று கைக்கு அகப்பட்டதெல்லாம் ஆயுதம். மூலத் தொடரில் கதை முடிந்ததும் நிஜ ஜாக்கி சானே திரையில் வந்து குழந்தைகளின் கேள்விகளுக்குப் பதில் சொல்வார்.